தள்ளுபடி வாங்கிய கெட்டிக்காரன்

தங்கை எனக்கு இருபது அடி முன்னால் நடந்துகொண்டிருந்தாள். ஸ்டாச்சு ஜங்ஷனில் வங்கிப் படியை விட்டு இறங்கியதிலிருந்து ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. நடைபாதையில் எதிரே ஆள் வந்தால் ஒதுங்குகிற சுபாவம் அவளுக்கு. அன்று அவள் ஒதுங்கவில்லை, வருகிறவர்கள்தான் ஒதுங்கினார்கள். கையில் நீல பிளாஸ்டிக் ஃபைல். அதற்குள் மூன்று வருடச் சம்பளச் சீட்டு, நர்சிங் பதிவு, வாங்கவிருந்த கரமனை வீட்டின் பத்திர நகல் என்று எல்லாம் வரிசைப்படி அடுக்கி வைத்திருந்தாள். ஃபைலில் குற்றம் ஒன்றும் இல்லை. குற்றம் இருபது அடி பின்னால் வந்துகொண்டிருந்தது.

வீட்டுக் கடன் பகுதியில் இருந்த பையனுக்கு இருபத்தைந்து வயதிருக்கும். கழுத்தில் அட்டை, மேசையில் ஒரு கிண்ணம் நிறைய மிட்டாய். முதல் தடவை போனபோது டீ வரவழைத்துக் கொடுத்தான். சம்பளம் போதும், நிலத்தில் வில்லங்கம் இல்லை, ஒரு வாரத்தில் முடிந்துவிடும் என்றான். இன்று டீ வரவில்லை. கம்ப்யூட்டர் திரையை எங்கள் பக்கம் திருப்பினான்.

"சேச்சி, ஸாலரி ஓகே. வீடும் ஓகே. பக்ஷே இது நோக்கு."

அவன் பார்க்கச் சொன்ன இடத்தில் தங்கையின் பழைய படிப்புக் கடன் ஒரு வரியாக இருந்தது. அதன் கடைசியில் செட்டில்டு என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தது.

"அதெல்லாம் கட்டித் தீர்த்தாச்சு சாரே, ரசீது இருக்கு," என்றேன்.

"சேட்டன் முழுவன் அடச்சில்லல்லோ. பகுதியல்லே அடச்சது?"

முழுசும் கட்டவில்லை, ஒரு பகுதிதானே கட்டினீர்கள் என்கிறான். அதற்கப்புறம் அவன் என்னிடம் பேசவில்லை. என்னை அவள் கூடவே கொண்டுவந்த குடையாக நினைத்துக்கொண்டான். அவளிடம் விளக்கினான். முழுசாகக் கட்டியிருந்தால் க்ளோஸ்டு என்று வரும். பேரம் பேசிக் குறைத்துக் கட்டினால் இப்படி வரும். ஒரு வங்கிக்கு நஷ்டம் வைத்தவர் என்று இதற்கு அர்த்தம், இன்னொரு வங்கி கடன் தராது. வழி இருக்கிறது. அன்றைக்குத் தள்ளிக் கொடுத்த தொகையைப் பழைய வங்கியில் கட்டி, பாக்கி இல்லை என்று கடிதம் வாங்க வேண்டும். அவர்கள் இந்த வரியைத் திருத்த ஒரு மாதமோ ஒன்றரை மாதமோ ஆகும். திருத்தியதும் அடுத்த வாரமே கடன் பாஸ் ஆகும். ஏதோ அவளுக்கு இருமல் மருந்து எழுதிக் கொடுப்பதுபோலச் சொன்னான். எழுந்தபோது நான் கிண்ணத்திலிருந்து இரண்டு மிட்டாய் எடுத்துக்கொண்டேன்.

நான் ஏழாம் வகுப்போடு பள்ளியை விட்டவன். என் பெயரில் வாழ்க்கையில் இருந்த ஒரே வங்கிக் கடன் படிப்புக் கடன். சொன்னால் ஆட்கள் சிரிப்பார்கள், சிரிக்கட்டும். எங்கள் அம்மா விதுரைக்கு மேலே மலையில் தேயிலை கிள்ளியவள். இப்போதும் தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டில், லயத்தில், ஒற்றை அறையில் இருக்கிறாள். அப்பா முன்னமே போய்விட்டார். தங்கைக்குக் கர்நாடகத்தில் நர்சிங் சீட்டு கிடைத்தபோது, கூடச் சேர்ந்து கையெழுத்துப் போடச் சம்பளம் வாங்குகிற ஓர் ஆள் வேண்டும் என்றது வங்கி. நான் அப்போது ஒரு ஜல்லி கிரஷரில் பதினோரு மாதமாக இருந்தேன். நான் ஓரிடத்தில் அதிகம் இருந்தது அங்கேதான். கூலிச் சீட்டும் கொடுத்தார்கள். மலையாளத்தில் அச்சடித்த தாள்களில் பதினான்கு இடத்தில் தமிழில் கையெழுத்துப் போட்டேன். கடன் பாஸான பதினைந்தாம் நாள் கிரஷரை விட்டுப் புறப்பட்டுவிட்டேன். மங்களூரில் ஐஸ் ஆலை, திருப்பூரில் சாயப்பட்டறை, கொச்சியில் பழைய இரும்பு. வேலை கசந்தால் நடந்துவிடுவேன். போகும்போது சொல்லிக்கொள்ளவும் மாட்டேன்.

தங்கை படித்து முடித்து வந்தாள். முதல் ஆஸ்பத்திரியில் கொடுத்தது ஹாஸ்டல் வாடகைக்கும் சோப்புக்கும் சரியாக இருந்தது. அப்படியும் மாதம் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்ட ஆரம்பிக்கிறேன் என்றாள். நான்தான் தடுத்தேன். தேர்தல் வந்துகொண்டிருந்தது. படிப்புக் கடனை எழுதித் தள்ளப் போகிறார்கள் என்று எல்லாக் கொடியின் கீழும் நின்று பேசினார்கள். வேறு எதிலும் ஒத்துப்போகாதவர்கள் இதில் ஒத்துப்போனதே எனக்குச் சந்தேகம் தந்திருக்க வேண்டும். தரவில்லை. டீக்கடையில் நானும் பேசினேன். இப்போது கட்டுகிறவன் முட்டாள் என்றேன். அண்ணன் சொன்னால் கேட்பது எங்கள் வீட்டு வழக்கம். அதைவிட மோசமான வழக்கத்தை நான் வேறு எந்த வீட்டிலும் பார்த்ததில்லை.

தேர்தல் வந்தது, போனது. ஒருவனும் எதையும் தள்ளவில்லை. வட்டி மட்டும் வளர்ந்தது. வங்கி ஆட்கள் லயத்துக்கு ஏறி வந்தார்கள், அம்மா அவர்களுக்குப் பாலில்லாத கட்டன்சாயா போட்டுக் கொடுத்தாள். அப்புறம் நெடுமங்காட்டில் அதாலத்து என்று நோட்டீஸ் வந்தது. கடன்காரர்களும் வங்கியும் நேருக்கு நேர் உட்கார்ந்து பேசி, குறைத்துத் தீர்த்துக்கொள்கிற ஏற்பாடு.

அதாலத்துக்குப் போகிறவர்களுக்கு ஒரு முறை இருந்தது. சம்பாதிக்கிறவரை அனுப்பக் கூடாது. இருக்கிறதிலேயே தரித்திரமாகத் தெரிகிறவரை அனுப்ப வேண்டும். தேய்த்த சுடிதாரில் ஒரு நர்ஸ் போய் நின்றால் பத்து ரூபாய்கூடக் குறைக்க மாட்டார்கள். அதனால் தங்கையை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டு நானே போனேன். அந்த மாதம் எனக்கு வேலையே இல்லை. வழியில் ஒரு வீடு கட்டிக்கொண்டிருந்தார்கள். மேஸ்திரியிடம் கேட்டு இரண்டு கை சிமெண்டுக் கலவை வாங்கி, வேட்டியிலும் முழங்கையிலும் பூசி, வெயிலில் நின்று காயவைத்தேன். பள்ளிக்கூட மண்டபத்துக்குள் போனால் எல்லோரும் என்னைப்போலவே வந்திருந்தார்கள். பொத்தான் இல்லாத சட்டை, ஒட்டுப்போட்ட செருப்பு. எனக்கு முன்னால் நின்றவரின் கழுத்தில் காலையில் கழற்றிய சங்கிலியின் தடம் வெள்ளையாகத் தெரிந்தது.

நான் சந்தையில் மீனுக்குப் பேசுவதுபோலப் பேசினேன். எழுந்து போவதுபோலப் போனேன், கூப்பிட்டார்கள், வந்து உட்கார்ந்தேன். பாதிக்குக் கொஞ்சம் மேலே வந்து நின்றது. தங்கை சேர்த்து வைத்திருந்ததைக் கட்டினேன். கை கொடுத்தார்கள், ஒரு வடையும் டீயும் கொடுத்தார்கள். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர்களை மடையர்கள் என்று நினைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். சங்கிலித் தடத்தை அவர்களும் பார்த்திருப்பார்கள். வேண்டிய வார்த்தையை எழுதிக்கொண்டு, சிரித்த முகமாக எங்களை அனுப்பிவைத்தார்கள்.

அன்று பரோட்டாவும் பீஃபும் வாங்கிக்கொண்டு தங்கையைப் பார்க்கப் போனேன். அவள் ரசீதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"அண்ணா, முழுசும் தீந்துதா? இதுல வேற என்னமோ எழுதியிருக்கே."

"ரொம்பப் படிச்சா இப்படித்தான். தின்னு, ஆறுது."

அத்தோடு விட்டேனா? அடுத்த ஒரு வருடம் நான் போன இடமெல்லாம் இதைச் சொன்னேன். எப்படி உடுத்த வேண்டும், எப்போது எழுந்து போக வேண்டும் என்று ஆட்களுக்குச் சொல்லிக் கொடுத்தேன். ஏழாம் வகுப்புக்காரனுக்கு வாழ்க்கையில் முதல் தடவையாக மாணவர்கள் கிடைத்தார்கள். டீ வாங்கிக் கொடுத்துக் கேட்டார்கள்.

வங்கியிலிருந்து நடந்து ஓவர்பிரிட்ஜ் பக்கம் வந்ததும் தங்கை நின்றாள். நான் எட்டிப் பிடித்தேன். வாயில் மிட்டாய் இருந்தது. இன்னொன்றை நீட்டினேன்.

"அத வாயில போட்டுக்கிட்டு என்கிட்ட பேசாத."

"சும்மா குடுத்தான்."

"சும்மா குடுத்தா நீ எதையும் விடமாட்ட, அல்லே? அன்னைக்கும் சும்மா குடுத்தாங்க, வாங்கிட்டு வந்த. நான் அப்பவே மாசாமாசம் அடச்சிருந்தா இந்நேரம் தீந்திருக்கும் அண்ணா. நீ மிச்சம் பிடிச்சுத் தந்தது எனக்கு வீடு இல்லாம ஆக்கிட்டு."

"அவனுக்கு என்ன தெரியும், பொடிப்பய. வேற பேங்குல பாக்கலாம்."

"எல்லா பேங்குலயும் அதே கம்ப்யூட்டர்தான். நீ நாலு ஊரு சுத்தினவன்தானே, இதுகூட அறியாதா?"

அவளுக்கு இரண்டு மணிக்கு டூட்டி. ஆஸ்பத்திரி பஸ்ஸில் ஏறிப் போனாள். கையசைக்கவில்லை.

விஷயம் இதுதான். கரமனையில் ஆற்றுக்குப் போகிற வழியில் ஒரு பழைய வீட்டின் பின்பக்கம், இரண்டரை செண்டில் இரண்டு அறையும் ஒரு அடுக்களையும் விலைக்கு வந்தது. தங்கை சீட்டுப் பிடித்து எடுத்த பணம் முழுவதையும் முன்பணமாகக் கொடுத்து ஒப்பந்தம் எழுதியிருந்தாள். கையில் இருந்த மீதி பத்திரப் பதிவுச் செலவுக்கு. ஒப்பந்தம் முடிய இன்னும் ஐம்பத்து மூன்று நாள். அதற்குள் பதிவு செய்யாவிட்டால் முன்பணம் திரும்பாது, வீடும் போகும். அம்மாவுக்கு முழங்கால் போய்விட்டது. மழை பெய்தால் லயத்தில் கட்டிலை மூன்று தடவை நகர்த்த வேண்டும். மலையிலிருந்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டுமென்றால் பஸ் நேரம் பார்த்துத்தான் நோய் வர வேண்டும். அவளைக் கீழே கொண்டுவர இந்த வீட்டை விட்டால் தங்கையின் சம்பளத்துக்கு ஒத்து வருவது எதுவும் இல்லை. இரண்டு வருடம் தேடிக் கண்டுபிடித்தது.

நான் நெடுமங்காடு பஸ் ஏறினேன். பழைய வங்கியில் மேனேஜர் மாறியிருந்தார். புதியவர் வழுக்கைத் தலையைத் துடைத்துக்கொண்டே ஃபைலைத் தேடச் சொன்னார். வந்ததும் ஒரு துண்டுத் தாளின் பின்னால் தொகையை எழுதி என் பக்கம் தள்ளினார். அன்றைக்குத் தள்ளிக் கொடுத்தது அப்படியே, மேலே வட்டி போடவில்லை. அதை ஒரு பெரிய உபகாரம்போலச் சொன்னார்.

"இதுக்கு வேற யாராவது வர்றாங்களா சாரே?"

"தினவும் வரும். வீடு வாங்ஙான் போகும்போள் எல்லாவர்க்கும் நேரு ஓர்ம வரும்."

வீடு வாங்கப் போகும்போதுதான் உங்களுக்கெல்லாம் நேர்மை ஞாபகம் வருகிறது என்கிறார். நேர்மையின் குத்தகையை இவரிடம் கொடுத்திருக்கிறார்கள்போல. பின்னால் சுவரில், சொந்த வீட்டுக்கு எங்களிடம் வாருங்கள் என்று ஒரு குடும்பம் சிரித்துக்கொண்டிருந்தது. எப்போது பணம் வந்தாலும் அன்றே கடிதம் தருவேன் என்றார். கம்ப்யூட்டரில் அந்த வரி மாறுவதற்கு அவர் பொறுப்பல்ல, அது அதன் நேரத்தில் மாறும். பஸ்ஸில் திரும்பும்போது விரல் விட்டு எண்ணினேன். ஒன்றரை மாதம் நாற்பத்தைந்து நாள், கடன் பாஸாக ஒரு வாரம். ஐம்பத்திரண்டு. நாளைக்கே பணம் கட்டினால்தான் உண்டு. அதுவும் எவனும் லீவு போடாமல் இருந்தால்.

கொஞ்சம் நாள் கேட்டுப் பார்க்கலாம் என்று சாயங்காலம் கரமனை போனேன். வீட்டுக்காரர் கணக்காளராக இருந்து ஓய்வு பெற்றவர். கேட்டுக்கு உள்ளே அவர் நின்றார், வெளியே நான் நின்றேன். கேட்டைத் திறக்க அவருக்குத் தோன்றவில்லை.

"என்ன, லோன் ஆயிடுத்தா?"

"ஆகும் சாமி. ஒரு பேப்பர் மட்டும் வரணும். பதினஞ்சு நாள் கூடத் தந்தா உபகாரமா இருக்கும்."

"அக்ரிமெண்டுன்னா அக்ரிமெண்டாக்கும், கேட்டியா? நாப்பது வருஷம் கணக்கெழுதினவன் நான். ஒரு நாளைக்கு முந்தியும் கேக்கமாட்டேன், ஒரு நாள் பிந்தியும் தரமாட்டேன். உன் தங்கை நன்னா படிச்ச குட்டி. அவ வந்து கேட்டிருந்தாலாவது யோசிச்சிருப்பேன். உன்னை எதுக்கு அனுப்பினா?"

"அவ அனுப்பல. நானா வந்தேன்."

"அதானே. பாத்தாலே தெரியறதே."

பேசிக்கொண்டிருக்கும்போதே பின்பக்கத்திலிருந்து ஒருவர் அளவு நாடாவைச் சுருட்டிக்கொண்டு வந்தார். வாசலில் அவருடைய கார் நின்றது. எங்கள் இரண்டரை செண்டைத்தான் அளந்துவிட்டு வந்திருந்தார். வீட்டுக்காரர் அதை மறைக்கவும் இல்லை, வெட்கப்படவும் இல்லை. "சும்மா பாக்கறார், பாக்கறதுக்குக் காசா?" என்றார். நாங்கள் தவறினால் முன்பணம் அவருக்கு. இடம் எங்களுக்குப் பேசியதைவிடக் கூடுதல் விலைக்குக் கார்க்காரருக்கு. நாங்கள் தவற வேண்டும் என்று அவர் தினம் விளக்கேற்றிக் கும்பிட்டிருந்தாலும் ஆச்சரியமில்லை. ஆனால் அவர் ஒளித்துச் செய்தது ஒன்றும் இல்லை. சொன்னதை எழுதியிருந்தார், எழுதியதைச் சொன்னார். சிமெண்டைப் பூசிக்கொண்டு போய் நின்றவன் நான்.

அந்தத் தொகையைக் கடனாகத் தருகிற ஆட்களை மனதில் வரிசைப்படுத்திப் பார்த்தேன். இருபது வருடம் ஊர் ஊராக அலைந்ததில் எனக்கு நூறு பேரைத் தெரியும். என்னை நம்பிப் பத்து ரூபாய் கொடுக்க அதில் ஒருவனும் இல்லை. யாரிடமும் ஒரு வருடம் முழுசாக நின்றதில்லை. எல்லோரையும் ஒரு நாள் காலையில் சொல்லாமல் விட்டு வந்தவன். வங்கியின் கம்ப்யூட்டரில் என்னைப் பற்றி ஒரு வரிதான் இருந்தது. வெளியே அதைவிட நிறைய இருந்தது.

மறுநாள் விடிந்ததும் வலியசாலையில் ஒரு கல்யாணச் சமையல் கூடத்துக்குப் போனேன். நாகர்கோவில் பக்கத்துக்காரர் நடத்துவது. அவரிடம் முன்பு இரண்டு தடவை வேலை பார்த்து, இரண்டு தடவையும் ஓடியிருக்கிறேன். அவர் ஸ்டூலில் உட்கார்ந்து பூசணிக்காயைத் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாரு, தொரையா? போன தடவ பந்தி நடக்கையிலேயே போயிட்டீரே. சாம்பார் வாளிய எலை முன்னால வச்சுட்டுப் போனவன ஒன்னத்தாம்ல பாத்திருக்கேன்."

"அண்ணாச்சி, அட்வான்ஸ் வேணும்."

"விடிஞ்சதும் அட்வான்ஸா? மொகம் கழுவினியா?"

"கழுவினேன்." தொகையைச் சொன்னேன்.

பூசணிக்காயைக் கீழே வைத்தார். "எதுக்கு? யாருக்காவது சீக்கா?"

"தங்கச்சி படிச்ச கடன்."

"அது தீந்துட்டுன்னு நீதானல ஊரு பூரா சொன்ன. எங்க அக்கா மவனுக்கும் சொல்லிக் குடுத்த. கிழிஞ்ச சட்டையப் போட்டுட்டுப் போன்னு. அவனும் போனான்."

"தீரல அண்ணாச்சி."

"அவனுக்குமா?"

"அவனுக்கும்தான்."

அவர் ஸ்டூலை விட்டு எழுந்தார். அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் சௌகரியமாக இருந்திருக்கும்.

"அவன் பொண்ணு பாக்கச் சொல்லிட்டு, மொதல்ல வீடு கட்டணும்னு அலையுதான். இத அவன்ட்ட நீயே போயிச் சொல்லணும். நான் சொல்லமாட்டேன்."

"சொல்றேன்."

"ரெண்டு வருசம். பாதிக் கூலிதான் கையில. சாப்பாடு இங்கயே, படுக்கையும் இங்கயே. நடுவுல காலு அரிச்சுதுன்னா?"

"அரிக்காது."

"அரிக்கும்ல. ஒன் காலப்பத்தி எனக்குத் தெரியாதா? நீ ஓடினா நான் தேடமாட்டேன். நேரா ஒன் தங்கச்சி டூட்டி பாக்குற எடத்துக்குப் போயி, அந்த வராந்தாவுல நிப்பேன். சத்தம் போடமாட்டேன். சும்மா நிப்பேன்."

சரி என்றேன். எங்கேயும் கையெழுத்துக் கேட்கவில்லை. உள்ளே போய்ப் பெட்டியைத் திறந்து எண்ணிக்கொண்டு வந்து கொடுத்தார். பணத்தில் மஞ்சள் வாசனை அடித்தது.

தங்கைக்கு போன் செய்தேன். அரை மணி நேரத்தில் ஆட்டோவில் வந்தாள். கேட்டருகே நின்றே எண்ணினாள், இரண்டு தடவை எண்ணினாள்.

"எத்தனை நாளு நிக்கணும்?"

"ரெண்டு வருஷம்."

"நீயா?" என்றாள். சிரிக்கவில்லை. பணத்தை ஃபைலுக்குள் வைத்து ரப்பர் பேண்டைப் போட்டாள்.

"நெடுமங்காட்டுக்கு நானும் வரட்டா?"

"வரண்டாம். கடுதாசிய நானே வாசிச்சு வாங்கிக்கிறேன். என்ன எழுதியிருக்குன்னு எனக்குப் பாக்கணும்."

அதே ஆட்டோவில் ஏறிக் கிழக்கேகோட்டை பஸ் நிலையத்துக்குப் போகச் சொன்னாள். வண்டி கிள்ளிப்பாலம் பக்கம் திரும்புகிறவரை நின்றேன். உள்ளேயிருந்து அண்ணாச்சி கூப்பிட்டார், கூலி ஆரம்பிச்சாச்சு, தொரை வரலாம் என்று.

சமையல் கூடத்தில் ஒருவனும் நிலைக்காத வேலை வார்ப்பு கழுவுவது. பாயசம் காய்ச்சுகிற பெரிய வெண்கலப் பாத்திரம், ஆள் உள்ளே உட்காரலாம். ஏழு வார்ப்பு பின்முற்றத்தில் கவிழ்ந்து கிடந்தது. முதலாவதை உருட்டி நிமிர்த்தினேன். முந்தின நாள் கல்யாணத்துப் பால் பாயசம் அடியில் கறுத்துப் பிடித்திருந்தது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, சாம்பலும் தேங்காய் நாரும் எடுத்து உள்ளே இறங்கிக் குந்தித் தேய்க்க ஆரம்பித்தேன்.